வாய்தாவுக்குச் சொன்ன காரணம்

பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருக்கத்தான் செய்கிறது. அதைச் சொல்லி அவரைக் கூப்பிடுகிற இடம் கோர்ட் ஒன்றுதான். டவாலி வாசலில் நின்று மூன்று தடவை கத்துவான். மற்றபடி தெருவுக்கும் கடைத்தெருவுக்கும் துணி போடுகிற லாட்ஜுக்காரர்களுக்கும் அவர் வாய்தாக்காரர். பத்தொன்பது வருஷமாக ஒரு கேஸை முடியவிடாமல் வாய்தா வாங்கியே ஓட்டுகிற மனுஷனை வேறு எப்படிக் கூப்பிடுவது? ஆரம்பத்தில் அவருக்குக் கோபம் வந்தது. அப்புறம் பழகிவிட்டது. பழகினதோடு நிற்காமல் கொஞ்சம் பெருமையாகவும் ஆகிவிட்டது, அதைத்தான் சொல்லிக்கொள்ள வெட்கமாக இருக்கிறது.

கேஸில் மர்மம் ஒன்றும் இல்லை. அப்பா கட்டிய லாண்டரி. முன்னால் துணி வாங்குகிற அறை, நடுவில் இஸ்திரி மேசைகள், பின்னால் தொட்டிகளும் பாய்லரும் இருக்கிற சலவைக்கூடம், அதற்கும் பின்னால் துணி காயப்போடுகிற வெளி. அப்பா ஒரு வரி எழுதிவைக்காமல் கண்ணை மூடினார். பிள்ளைகள் இரண்டு பேர், இவரும் ஒரு தங்கச்சியும். பாதி எனக்கு என்று தங்கச்சி கேட்டாள். உன் பங்கைக் கல்யாணத்தின்போதே நகையாக வாங்கிக்கொண்டு போய்விட்டாயே என்று இவர் சொன்னார். சொன்னது பச்சைப் பொய். பொய் என்று அவருக்குத் தெரியும், தங்கச்சிக்குத் தெரியும், அந்தக் கல்யாணத்தில் முன்னால் நின்று எல்லாம் செய்த அவர் சம்சாரத்துக்கும் தெரியும். கோர்ட்டுக்குத்தான் தெரியாது. கேட்டால்தானே தெரியும்? கேட்கவிடாமல் அவர் பார்த்துக்கொண்டார்.

அதற்காகத் தங்கச்சி சும்மா இருக்கவில்லை. இரண்டு தெரு தள்ளி, குடியிருக்கிற வீட்டு முன்னறையில் ஒரு மேசையைப் போட்டுக்கொண்டு இஸ்திரி தேய்த்தாள். புருஷன் லாரியில் போனால் வர இருபது நாள் ஆகும். காலையில் இருந்து சாயந்திரம் வரை நின்று நின்று அவளுக்கு முழங்காலுக்குக் கீழே நரம்பெல்லாம் சுருண்டு நீலமாய்ப் புடைத்துவிட்டது. கேஸ் போட்ட நாளில் இருந்து அண்ணனோடு பேச்சு கிடையாது. அண்ணியோடு உண்டு. சலவைச் சோடா தீர்ந்துவிட்டால் அண்ணியிடம் வந்து வாங்கிப் போவாள், இவர் முன்னறையில் இருந்தால் பின்பக்கமாக வந்து பின்பக்கமாகவே போவாள்.

அந்த வாரம் நாலு நாளாக மழை. ஆஸ்பத்திரி விரிப்பு இருநூறு, லாட்ஜ் விரிப்பு நூற்றுச் சொச்சம், எல்லாம் துவைத்து முடிந்து காய வழியில்லாமல், கூடத்தில் குறுக்கும் நெடுக்கும் கட்டிய கயிறுகளில் தொங்கின. ஈரவாடை மூக்கில் ஏறியது. அரை ஈரத்தோடு தேய்த்தே காயவைத்துவிடலாம் என்று சம்சாரம் இறங்கிவிட்டாள். பெட்டி பட்ட இடத்தில் எல்லாம் புஸ்ஸென்று ஆவி கிளம்பியது. அவர் பின்னால் தொட்டியடியில் உட்கார்ந்து, புதிதாக வந்த ஆஸ்பத்திரிக் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார். ரத்தக்கறை பட்டதைத் தனியாக எடுத்துப் பச்சைத் தண்ணீரில் ஊறப்போடவேண்டும். தெரியாத்தனமாய் வெந்நீரில் போட்டால் கறை நிலைத்துவிடும், அப்புறம் ஆஸ்பத்திரிக்காரன் அந்த விரிப்பை நம் தலையிலேயே கட்டிவிடுவான்.

கோர்ட்டில் இருந்து நோட்டீஸ் கொண்டுவருகிறவர் குடையை மடக்கிக்கொண்டே உள்ளே வந்தார். இத்தனை வருஷம் வந்து வந்து அவரும் வீட்டு மனுஷர் மாதிரிதான். எந்தக் கொக்கியில் குடையை மாட்டினால் துணியில் சொட்டாது என்றுகூடத் தெரியும்.

“என்ன வாய்தாக்காரரே, எப்படி இருக்கீங்க?”

“உக்காருங்க, டீ போடச் சொல்றேன். இந்தத் தடவை எந்த மாசத்துக்குத் தள்ளியிருக்கு?”

“மாசமா? வர்ற திங்கக்கிழமை.”

“விளையாடாதீங்க.”

“உங்ககிட்ட விளையாடி எனக்கு என்ன கிடைக்கப்போகுது? மேல்கோர்ட்ல இருந்து உத்தரவு வந்திருக்கு. பத்து வருஷத்துக்கு மேல தூங்கற சிவில் கேஸ் அத்தனையையும் ஆறு மாசத்துக்குள்ள முடிக்கணும். எத்தனை முடிச்சேன்னு நம்ம ஜட்ஜ் வாரா வாரம் மேல எழுதி அனுப்பணும். போர்டுல லிஸ்ட் ஒட்டியாச்சு. உங்களுது மூணாவது.”

“அப்ப முதல் ரெண்டு முடிய நாளாகுமில்ல?”

“முதலாவதுல ரெண்டு கட்சிக்காரங்களும் போய்ச் சேந்துட்டாங்க. ரெண்டாவது கேஸ் கட்டை எலி தின்னுட்டுது. ஆக மொத்தம் நீங்கதான் முதல்.”

நடு அறையில் இருந்து சம்சாரம் குரல் கொடுத்தாள். “நல்லதாப் போச்சு. எப்படியோ முடிஞ்சாச் சரி.”

வந்தவர் டீயைக் குடித்துவிட்டுக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். வாய்தாக்காரர் கையில் இருந்த விரிப்பை எந்தத் தொட்டியில் போடுவது என்று ஒரு நிமிஷம் மறந்துபோய் அப்படியே நின்றார்.

மறுநாள் வக்கீலைப் பார்க்கப் போனார். மருந்துக்கடைக்கு மேலே ஓர் அறை. சுவர் தெரியாமல் கேஸ் கட்டுகள். போன வருஷம் செத்துப்போன குமாஸ்தாவின் நாற்காலியில்கூட இப்போது கட்டுகள்தான் உட்கார்ந்திருந்தன.

“ஒரே ஒரு வாய்தா கேட்டுப் பாருங்க சார்.”

“கேட்டுட்டேன். புது ஜட்ஜ், சின்ன வயசு. வாய்தாங்கிற வார்த்தையைக் கேட்டாலே அந்த உத்தரவை எடுத்துப் படிச்சுக் காட்டறார். திங்கள் உங்க தங்கச்சி, செவ்வாய் நீங்க, புதன் உங்க சம்சாரம். மூணு நாள்ல சாட்சி முடிஞ்சுடும்.”

“அவ எதுக்கு சார்?”

“நகை போட்டதுக்கு வேற சாட்சி யாரு இருக்கா? உங்கப்பாவை எழுப்பிக்கிட்டு வர முடியுமா? பத்தொம்பது வருஷத்துக்கு முன்னாடியே சாட்சி லிஸ்ட்ல ரெண்டாவதா அவங்க பேர் குடுத்தாச்சு. நீங்கதான் குடுத்தீங்க.”

வாய்தாக்காரர் குமாஸ்தாவின் நாற்காலியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் எதற்குப் பயந்தார் என்று இப்போது சொல்லிவிடவேண்டும், மூடி மறைத்து என்ன ஆகப்போகிறது.

பதினொரு வருஷத்துக்கு முன்னால் இதே அறையில், குமாஸ்தா மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு கேட்டார். “காரணம் சொல்லுங்க. மஞ்சக்காமாலை நாலு தடவை ஆச்சு. கண் ஆபரேஷன் மூணு தடவை ஆச்சு, மூணாவது கண்ணு எங்கன்னு எதிர்க்கட்சி வக்கீல் கேட்டாலும் கேப்பார்.”

“சம்சாரத்துக்கு வயித்துல ஆபரேஷன். நிஜமாவே ஆஸ்பத்திரியில இருக்கா.”

“அதுக்கு டாக்டர் சீட்டு கேப்பாங்க. பதினஞ்சு நாள்தான் குடுப்பாங்க. செத்துட்டாங்கன்னு போட்டா ஒருத்தரும் கேள்வி கேக்க மாட்டாங்க. முழுசா மூணு மாசம்.”

அவர் சிரித்தார். கோபப்பட்டிருக்கலாம், பேனாவைத் தூக்கி எறிந்திருக்கலாம், ‘வாயைக் கழுவுய்யா’ என்றாவது சொல்லியிருக்கலாம். அவர் சிரித்தார். குமாஸ்தாவும் சிரித்தார். குமாஸ்தா எழுதியதை இவர் வாங்கி வரிவிடாமல் படித்தார், ‘இதில் கண்டவை யாவும் உண்மை’ என்ற வரிக்குக் கீழே கையெழுத்துப் போட்டார். மூன்று மாசம் கிடைத்தது. அந்த மூன்று மாசத்துக்கு அப்புறம் வேறு காரணம், அதற்கப்புறம் வேறு. இந்தப் பாவத்தை அவர் மறந்தும் போனார், மேல்கோர்ட்டில் இருந்து அந்த உத்தரவு வருகிற வரைக்கும்.

“சார், அந்தப் பழைய வாய்தா மனுவெல்லாம் கட்டுலதான் இருக்குமா?”

“பின்ன எங்க போகும்?”

“அதுல ஒண்ணை மட்டும்…”

வக்கீலுக்கும் ஞாபகம் வந்துவிட்டது. முகம் சுருங்கிப்போயிற்று. “கோர்ட்டுக் கட்டுல இருந்து காகிதத்தை எடுத்தா ரெண்டு பேரும் உள்ள போகணும். பேசாம இருங்க. பத்தொம்பது வருஷத்துல எட்டு ஜட்ஜ் மாறியாச்சு, ஒருத்தர்கூட முதல் பக்கத்துல இருந்து படிச்சது கிடையாது. இவர் மட்டும் படிக்கப்போறாரா?”

“அவளைக் கூப்பிடாம விட்டுட்டா?”

“தாராளமா விடலாம். தங்கச்சிக்குப் பாதியைக் குடுத்துட்டு வீட்டுக்குப் போய்த் தூங்கலாம். சொல்லுங்க, விட்டுடட்டுமா?”

சொல்லியிருக்கலாம். ‘விட்டுடுங்க’ என்ற ஒரே வார்த்தைதான். தொட்டிகளும் பாய்லரும் காயப்போடுகிற வெளியும் கண் முன்னால் வந்து நின்றன. அவர் எழுந்து மாடிப்படி இறங்கினார்.

வீட்டில் சம்சாரம் உருளைக்கிழங்கை வேகவைத்து இறக்கி, சுடச்சுட உரித்துக்கொண்டிருந்தாள். நாளெல்லாம் இஸ்திரிப் பெட்டியைப் பிடிக்கிற விரலுக்குச் சூடு எங்கே உறைக்கிறது. அவர் எதிரில் உட்கார்ந்தார்.

“நீ கோர்ட்டுக்கு வரணுமாம்.”

“வர்றேன்.”

“கூண்டுல ஏறி நிக்கணும். எதிர்க்கட்சி வக்கீல் கண்டதையும் கேட்டுக் குடைவான்.”

“லாட்ஜ் மேனேஜர் குடையறதைவிடவா? என்ன கேப்பாங்க?”

“அவ கல்யாணத்துல அப்பா என்ன நகை போட்டார்னு.”

“ஒண்ணும் போடலையே.”

“அதான்.” அவர் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். “போட்டார்னு சொல்லணும்.”

அவள் கையில் இருந்த கிழங்கை உரித்து முடித்தாள். இன்னொன்றை எடுத்தாள். “கேஸ் வந்த புதுசுல, பாதியைக் குடுத்துடுங்கன்னு நான் சொன்னேன். ஞாபகம் இருக்கா?”

“இருக்கு.”

“எப்படிக் கத்தினீங்க அன்னிக்கு. அதோட நான் வாயை மூடிக்கிட்டேன். இந்தப் பத்தொம்பது வருஷமா நீங்களும் என்கிட்ட இதைப் பத்தி ஒரு வார்த்தை கேக்கல.”

“இப்பக் கேக்கறேன்.”

“இப்பக் கேக்கறீங்க” என்றாள் அவள். உப்பு ஜாடியை அவர் பக்கம் நகர்த்தினாள். சரி என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. அவர் அதைச் சரி என்று எடுத்துக்கொண்டார்.

திங்கட்கிழமை தங்கச்சி கூண்டில் ஏறி உள்ளதைச் சொன்னாள். கல்யாணத்தின்போது அப்பா கையில் ஒன்றுமில்லை, இப்போதைக்குக் குடுக்க முடியல, லாண்டரியில பாதி உனக்குத்தான் என்று சொன்னார் என்றாள். செவ்வாய்க்கிழமை இவர் ஏறினார். கழுத்துக்கு ஒரு செயின், கைக்கு நாலு வளையல், காதுக்கு இன்னது என்று மனப்பாடம் பண்ணினதைக் கொட்டினார். குரல் நடுங்கவில்லை. இறங்கி வரும்போது தங்கச்சி பெஞ்சில் உட்கார்ந்து காலை நீட்டிப் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தாள். அந்தப் பக்கம் பார்க்காமல் நடந்து வெளியே வந்தார்.

வராந்தாவில் நோட்டீஸ்காரர் பிடித்துக்கொண்டார். “ஜட்ஜ் உங்க கட்டை வீட்டுக்கு எடுத்துட்டுப் போறார், தெரியுமா? ரெண்டு ஆள் தூக்கிக்கிட்டுப் போய் வண்டியில வச்சோம்.”

“எதுக்கு?”

“படிக்கத்தான். சாட்சியோட சாட்சியா முழுக் கட்டையும் படிச்சுட்டுத்தான் தீர்ப்பு எழுதணும்னு உத்தரவுல இருக்காம்.”

மறுநாள் காலையில் கிளம்பும்போது, உனக்கு உடம்பு சரியில்லைன்னு சொல்லிடட்டுமா என்று சம்சாரத்திடம் கேட்டுப் பார்த்தார். நல்லாத்தானே இருக்கேன் என்று அவள் தலையை வாரிக்கொண்டாள். பெட்டியிலேயே வைத்திருக்கிற நல்ல புடவையை எடுத்துத் தன் கையாலேயே தேய்த்துக் கட்டிக்கொண்டாள். ஊர்த் துணியெல்லாம் தேய்க்கிறவள் தனக்கென்று தேய்த்து அவர் பார்த்தது வெகு நாளுக்கு அப்புறம் அன்றைக்குத்தான்.

கோர்ட் ஹாலில் மின்விசிறி ஒரு பக்கமாய்ச் சாய்ந்து சுற்றியது. ஜட்ஜுக்கு ஜலதோஷம். கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு தாளாகப் புரட்டினார். சம்சாரம் கூண்டில் ஏறினாள். உண்மையைத் தவிர வேறு சொல்வதில்லை என்று சொல்லச் சொன்னார்கள், சொன்னாள். பேர் கேட்டார்கள், வயசு கேட்டார்கள். பிரதிவாதிக்கு என்ன உறவு என்று கேட்டார்கள்.

“சம்சாரம்” என்றாள்.

ஜட்ஜ் தலையை நிமிர்த்தினார். மரியாதையாகத்தான் கேட்டார். “ரெண்டாவது சம்சாரமா அம்மா?”

“இல்லைங்க ஐயா. ஒரே சம்சாரம்தான்.”

“கல்யாணமாகி எத்தனை வருஷம்?”

“முப்பத்தோரு வருஷம்.”

ஜட்ஜ் கைக்குட்டையைக் கீழே வைத்தார். கட்டின் நடுவில் ஒரு துண்டுக் காகிதத்தை அடையாளம் வைத்திருந்தார், அதைப் பிடித்துத் திருப்பினார். அவர் வக்கீல் எழுந்து ஏதோ சொல்ல வாயெடுத்தார். உட்காருங்க என்று ஜட்ஜ் கையைக் காட்டினார். தாள் புரளுகிற சத்தம் ஹால் முழுக்கக் கேட்டது.

“பதினொரு வருஷத்துக்கு முன்னாடி, உங்க வீட்டுக்காரர் ஒரு பிரமாணப் பத்திரம் தாக்கல் பண்ணியிருக்கார். ‘என் மனைவி காலமாகிவிட்டபடியால் மூன்று மாத காலம் வாய்தா வழங்கவேண்டும்.’ இந்த மனைவி யாரு?”

சம்சாரத்துக்கு முதலில் புரியவில்லை. ஆபீஸ் எழுத்தில் ஏதோ தப்பு, இதோ சரியாகிவிடும் என்கிற மாதிரி லேசாகச் சிரித்தாள். அப்புறம் புருஷனைத் திரும்பிப் பார்த்தாள். அவர் தலை நிமிரவில்லை. அவருக்கு நாக்கைப் பிடுங்கிக்கொண்டு அங்கேயே விழலாம் போல இருந்தது. அவர் முகத்தைப் பார்த்த பிறகு அவளுக்கு யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை.

ஜட்ஜ் விடுகிறதாக இல்லை. “இதுக்குக் கீழே வாதி தரப்புல ‘ஆட்சேபணை இல்லை’ன்னு எழுதியிருக்கு. அண்ணி உயிரோட இருக்கிறதோ செத்ததோகூடவா வாதிக்குத் தெரியாது?”

தங்கச்சியின் வக்கீல் எழுந்தார். “அப்பவே ஆட்சேபணை பண்ணலாம்னு நான் சொன்னேன் ஐயா. கட்சிக்காரர்தான் வேண்டாம்னு…”

பெஞ்சில் இருந்து தங்கச்சி எழுந்து நின்றாள். மேசையைப் பிடித்துக்கொண்டுதான் அவளால் எழ முடிந்தது. “தெரியும் ஐயா. அப்ப அண்ணி ஆஸ்பத்திரியில இருந்தாங்க. நான்தான் பத்து நாளும் கூட இருந்து பாத்துக்கிட்டேன்.”

“அப்பறம் ஏன் சொல்லல? மூணு மாசம் உங்களுக்குத்தானே நஷ்டம்?”

“வயித்தைக் கிழிச்சுத் தச்சுப் போட்டிருந்தாங்க ஐயா. தண்ணிகூட ஸ்பூன்லதான் குடிச்சாங்க. ஆட்சேபணை பண்ணினா விஷயம் வெளிய வரும், அண்ணி காதுக்குப் போகும். மூணு மாசம் போனாப் போகட்டும்னு விட்டுட்டேன். அப்பறம் எப்படிச் சொல்றதுன்னு தெரியல. அப்படியே இருந்துட்டேன்.” அவள் கூண்டைப் பார்க்காமல் உட்கார்ந்தாள்.

வாய்தாக்காரர் அந்தக் காகிதத்தை இத்தனை நாள் தானும் வக்கீலும் செத்துப்போன குமாஸ்தாவும் மட்டும்தான் அறிவோம் என்று நினைத்திருந்தார். பின்பக்கமாக வந்து சோடா வாங்கிப் போன ஒவ்வொரு தடவையும் அவளுக்குத் தெரிந்திருக்கிறது. தெரிந்தே வந்திருக்கிறாள், தெரிந்தே அண்ணியோடு சிரித்துப் பேசிவிட்டுப் போயிருக்கிறாள்.

“பிரதிவாதி எழுந்திரிங்க” என்றார் ஜட்ஜ். “இது உங்க கையெழுத்தா?”

“ஆமா ஐயா.”

“படிச்சுப் பாத்துட்டுத்தான் போட்டீங்களா?”

முன்வரிசையில் அவர் வக்கீலின் தலை லேசாக இடமும் வலமும் அசைந்தது. அவருக்குப் புரிந்தது. படிக்கவில்லை, குமாஸ்தா நீட்டினார், போட்டேன் என்று சொல்லவேண்டும். குமாஸ்தா வந்து இல்லை என்று சொல்லப்போவதில்லை. இன்னொரு பொய்தான். பத்தொன்பது வருஷமாகச் சொன்னதில் இதற்கென்று தனிப் பாரமா என்ன? கூண்டில் சம்சாரம் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நல்ல புடவையில், நேற்று வரைக்கும் பார்த்த அதே முகத்தோடு நின்றாள்.

“படிச்சுட்டுத்தான் போட்டேன்” என்றார். “நேத்து நான் சொன்ன நகையும் பொய்தான் ஐயா. அப்பா ஒண்ணும் போடல. பாதி அவளுக்குன்னுதான் சொன்னார்.”

ஜட்ஜ் எழுதிக்கொண்டார். பிறகு சம்சாரத்தைப் பார்த்து, நீங்க ஏதாவது சொல்லணுமா அம்மா என்று கேட்டார்.

“கல்யாணத்துல அவ ரெண்டு வளையல் போட்டிருந்தா ஐயா. அது என்னோடது. போட்டோவுக்காகக் குடுத்தேன். மறுநாளே கழட்டிக் குடுத்துட்டா. மாமனார் சொன்னது என் முன்னாடிதான். இதைச் சொல்லணும்னுதான் வந்தேன்.”

அப்படியானால் இவர் பொய் சொல்லச் சொன்ன அன்றைக்கே அவள் முடிவெடுத்துவிட்டிருக்கிறாள். கிழங்கு உரித்தபோதே எடுத்திருப்பாள். தீர்ப்பு பத்து நாளில் என்றார் ஜட்ஜ். பொய்ப் பத்திரத்துக்குத் தனியாக நோட்டீஸ் வரும் என்றார். அடுத்த கேஸைக் கூப்பிட டவாலி வாசலுக்குப் போனான்.

பஸ் நிறுத்தத்தில் மூன்று பேரும் நின்றார்கள், வேறு வழி இல்லை, அந்தப் பக்கம் போக ஒரே பஸ்தான். மழை விட்டு வெயில் வந்திருந்தது. தங்கச்சி அண்ணியிடம் வந்து கையைப் பிடித்தாள்.

“கோவமா அண்ணி?”

“உன்மேல எனக்கு என்ன கோவம்?”

“சொல்லாம இருந்துட்டேனே.”

மன்னிப்புக் கேட்கவேண்டியவர் மூன்று அடி தள்ளி நின்றுகொண்டு, கேட்கவேண்டாதவள் கேட்பதைக் கேட்டுக்கொண்டிருந்தார். பேசிப் பழக்கம் விட்டுப்போனதில் வார்த்தை வரவே நேரமாயிற்று. “தீர்ப்பு எதுக்கு? நாளைக்கே வந்து உன் பாதியை எடுத்துக்க. சாவி தர்றேன்.”

தங்கச்சி அவரைப் பார்த்தாள். பத்தொன்பது வருஷத்துக்கு அப்புறம் அவரிடம் அவள் சொன்ன முதல் வார்த்தை இதுதான்: “தீர்ப்பே வரட்டும்ணே. உங்க வார்த்தையை வச்சுக்கிட்டு நான் என்ன பண்றது?” கோபமாகக்கூடச் சொல்லவில்லை. பஸ் வந்தது, ஏறிப் பெண்கள் பக்கம் போய் அண்ணிக்கு ஒரு சீட் பிடித்துவைத்தாள்.

வீட்டுக்கு வந்ததும் சம்சாரம் நல்ல புடவையை மாற்றிக்கொண்டு நேராகப் பின்னால் போனாள். காலையில் நீலம் முக்கிவைத்த ஆஸ்பத்திரி விரிப்புகள் தொட்டியில் கிடந்தன. வெயில் போவதற்குள் விரித்தாகவேண்டும். பெரிய விரிப்பை ஓர் ஆள் பிழிய முடியாது. ஒருவர் ஒரு நுனியைப் பிடித்து வலப்பக்கம் முறுக்கினால் இன்னொருவர் மறுநுனியைப் பிடித்து இடப்பக்கம் முறுக்கவேண்டும். அவள் ஒரு நுனியை எடுத்தாள். அவர் போய் மறுநுனியைப் பிடித்தார். நாலைந்து விரிப்பு பிழிந்து போட்டார்கள். அழுவாள் என்று எதிர்பார்த்தார். திட்டுவாள் என்று எதிர்பார்த்தார், திட்டினால் தேவலை என்று இருந்தது.

“எந்நேரத்துக்கு அதுல கையெழுத்துப் போட்டீங்க?” என்றாள் அவள்.

“மத்தியானம்.”

“அன்னிக்குச் சாயந்திரம் ஆஸ்பத்திரிக்கு வந்தீங்களா?”

“வந்தேன்.”

“கையில என்ன கொண்டுவந்தீங்க?”

விரிப்பு முறுக்கேறிக்கொண்டே வந்தது. ஞாபகமில்லை என்று சொல்லிவிடலாமா என்று பார்த்தார். ஞாபகம் இருந்தது. “ஆரஞ்சு.”

“யாரு உரிச்சா?”

“நான்தான்.”

“நான் சாப்ட்டேனா?”

பிழிந்த தண்ணீர் இரண்டு பேர் காலிலும் கொட்டியது. அவரால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை, கையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

“சாப்ட்டே. நீங்களும் சாப்பிடுங்கன்னு எனக்கும் ரெண்டு சுளை எடுத்துக் குடுத்தே.”

“நீங்க சாப்ட்டீங்களா?”

“சாப்ட்டேன்.”

அவள் பிழிந்ததை வாங்கி உதறிக் கயிற்றில் போட்டாள். குனிந்து தொட்டியில் இருந்து அடுத்த விரிப்பை எடுத்தாள். ஒரு நுனியை அவர் பக்கம் நீட்டிக்கொண்டு, அவர் பிடிப்பதற்காகக் காத்துக்கொண்டு நின்றாள்.